பாலாவில் மாணியை ஜெயிக்க வைத்தது எது?

கேள்வி: கேரளாவின் கே.எம். மாணி பாலா என்ற ஒரே தொகுதியில் 54 ஆண்டு எம்.எல்.ஏ.வாக இருந்ததைப் பெரிய சாதனை என்கிறார்கள். பாதிரியார் கை காட்டினால் ஓட்டு விழும் ஊரில் யார் நின்றாலும் ஜெயிக்கலாமே? கட்சியை உடைத்து உடைத்தே மந்திரியாக இருந்த ஒரு வலதுசாரி. கடைசியில் பார் லஞ்சப் புகாரில் விலகியவர். அவரிடம் கற்றுக்கொள்ள என்ன இருக்கிறது?
– ரப்பர் விவசாயி ஒருவர், மார்த்தாண்டம்

பதில்: முதலில் கணக்கு. 54 என்பது 1965 முதல் எண்ணுவது. அந்த ஆண்டுத் தேர்தலில் எவருக்கும் பெரும்பான்மை இல்லாததால் பேரவை ஒரு நாள்கூடக் கூடவில்லை. மாணி அவைக்குள் போய் உட்கார்ந்தது 1967-இல்தான். அங்கிருந்து 2019 ஏப்ரல் 9 அன்று இறக்கும்வரை சுமார் 52 ஆண்டு. இடையில் பேரவை கலைந்துகிடந்த மாதங்களைக் கழித்தால் இன்னும் குறையும். கேரளப் பேரவையில் அதிக நாள் உறுப்பினர் என்ற இடத்தை 2022-இல் உம்மன் சாண்டி பிடித்துவிட்டார். ஆனால் 13 தேர்தல், 13 வெற்றி, எல்லாம் பாலாவிலேயே என்பதில் குறைக்க ஒன்றுமில்லை. நம் கலைஞரும் 13 முறை ஜெயித்தவர்தான். அது குளித்தலையில் தொடங்கி, பல தொகுதிகள் மாறி, திருவாரூரில் முடிந்த பயணம்.

பாதிரியார் கை காட்டினால் போதும் என்கிறீர்கள். பாலா மறைமாவட்டத்தின் செல்வாக்கை நான் மறுக்கவில்லை. ஆனால் அது மாணிக்கு மட்டும் உதவியது என்றால் 1970-ஐ எப்படி விளக்குவீர்கள்? எதிரே நின்ற காங்கிரஸ்காரர் எம்.எம். ஜேக்கப், பின்னாளில் மேகாலயா ஆளுநர். அவரும் அதே வட்டாரத்துக் கிறிஸ்தவர். மாணி ஜெயித்தது நானூறுக்கும் குறைவான ஓட்டில். 2006, 2011, 2016 மூன்றிலும் எதிர்த்து நின்ற மாணி சி. காப்பனும் பாலாவின் பழைய கத்தோலிக்கக் குடும்பத்தில் வந்தவர். வித்தியாசம் 7,759; பிறகு 5,259; பிறகு 4,703. மாணி இறந்து ஐந்து மாதத்தில் நடந்த இடைத்தேர்தலில் காப்பன் 2,943 ஓட்டில் ஜெயித்தார். தேவாலயங்கள் இருந்த இடத்திலேயே இருந்தன, மாணிதான் இல்லை. 1967-ஐயும் பாருங்கள். மாணியின் கட்சியான கேரள காங்கிரஸுக்கு மாநிலம் முழுக்கக் கிடைத்தது 5 இடம். அந்த இடதுசாரி அலையிலும் தப்பிய ஐந்தில் பாலா ஒன்று.

அவரை நிற்க வைத்தவை இரண்டு. அரசின் பெரும்பான்மை எங்கே மெலிந்திருக்கிறதோ அங்கே தன் கட்சியை வைத்துக்கொண்டார். அதற்குக் கூலியாக எந்த இலாகாவைக் கேட்க வேண்டும் என்பதும் அவருக்குத் தெரிந்திருந்தது.

கேரளப் பேரவையில் 140 இடம். ஆட்சிக்கு 71 வேண்டும். 2011-இல் உம்மன் சாண்டியின் கூட்டணிக்கு 72, எதிரணிக்கு 68. அந்த 72-இல் மாணியின் கட்சிக்கு 9. இப்படிப்பட்ட அவையில் ஒன்பது பேர் வைத்திருப்பவரை எந்த முதல்வரும் ஒதுக்க முடியாது. இந்தக் கத்தி இரு பக்கமும் வெட்டும் என்பதையும் அவர் பார்த்தவர். 1981 டிசம்பரில் அமைந்த கருணாகரன் அரசு, இரு பக்கமும் சமமாக நின்ற அவையில், சபாநாயகர் ஏ.சி. ஜோஸின் தீர்மான ஓட்டில் உயிர் பிடித்துக்கொண்டிருந்தது. 1982 மார்ச்சில் மாணி அணியிலிருந்தே லோனப்பன் நம்பாடன் என்ற ஒரே உறுப்பினர் ஆதரவை விலக்கிக்கொண்டார். அரசு விழுந்தது.

இலாகா விஷயத்துக்கு வருவோம். சிறிய கட்சித் தலைவர்கள் வழக்கமாகப் பொதுப்பணி, போக்குவரத்து, மின்சாரம் என்று ஒப்பந்தம் ஓடும் துறைகளைக் கேட்பார்கள். மாணி உள்துறையில் சிறிது காலம் இருந்தார். மற்றபடி நிதி, வருவாய், சட்டம் ஆகிய மூன்றையும் சுற்றியே அவருடைய அமைச்சர் வாழ்க்கை அமைந்தது. சென்னைச் சட்டக் கல்லூரியில் படித்த வக்கீல் என்பதால் மட்டுமல்ல. அவருடைய வாக்காளர் யார் என்று பாருங்கள்: இரண்டு மூன்று ஏக்கர் ரப்பரோ மிளகோ வைத்திருப்பவர், மலையேறிக் காடு திருத்திக் குடியேறியவர், அரசு சம்பளம் தந்து நிர்வாகம் நியமனம் செய்யும் உதவிபெறும் பள்ளிகளை நம்பியவர். இவர்களுக்கு வேண்டியது நிலத்துக்குப் பட்டயம் (நம் ஊர்ப் பட்டா), விளைச்சலுக்கு விலை, பள்ளி நிர்வாகத்தில் அரசு கை வைக்காதிருத்தல். நீங்கள் வலதுசாரி என்று சொல்வதன் உள்ளடக்கம் அங்கே இதுதான். பாட்டாளி வர்க்கம் என்ற இடதுசாரி வரையறைக்குப் பதிலாக, சிறு நிலக்காரரையும் கூலிக்காரரையும் சேர்த்து 'அத்வான வர்க்கம்', அதாவது உழைக்கும் வர்க்கம், என்று ஒரு கொள்கையே எழுதினார். 1980-இல் நாயனார் தலைமையிலான இடதுசாரி அரசில் அவரே நிதியமைச்சர்; விவசாயத் தொழிலாளர் ஓய்வூதியம் வந்தது அந்த ஆட்சியில்தான்.

பட்டயத்தை எடுத்துக்கொள்வோம். 1977 ஜனவரி 1-க்கு முன் வனநிலத்தில் குடியேறியவர்களுக்கு உரிமை தர வேண்டும் என்பது பழைய கோரிக்கை. 1980-இன் வனப் பாதுகாப்புச் சட்டத்துக்குப் பிறகு மத்திய அரசின் அனுமதியில்லாமல் ஒரு சென்ட் நிலத்தைக்கூட மாற்ற முடியாது. எனவே வனத்துறையும் வருவாய்த்துறையும் சேர்ந்து நிலத்தை அளந்து, பட்டியல் போட்டு, டெல்லிக்கு அனுப்பி, அனுமதி பெற்று, அதன் பிறகுதான் விதி எழுத வேண்டும். 1993-இல் அந்தச் சிறப்பு விதிகள் வந்தபோது வருவாய், சட்டம் இரண்டும் மாணியிடம் இருந்தன. மொத்தம் சுமார் 28,588 ஹெக்டேர். இயற்கை ஆர்வலர்கள் தொடுத்த வழக்கு 2009-இல் உச்ச நீதிமன்றத்தில்தான் முடிந்தது; விதிகள் நின்றன. குறையும் அதே விதிகளில் இருந்தது. விவசாயம், குடியிருப்பு, சிறிய கடை தவிர வேறு பயனுக்கு அந்த நிலம் ஆகாது. இடுக்கியில் பிறகு எழுந்த கட்டடங்கள் இதில் சிக்கி, 2023-இல் நில ஒதுக்கீட்டுச் சட்டத்தையே திருத்த வேண்டிவந்தது. முப்பது வருடத்தில் அந்த ஊர் என்ன ஆகும் என்பதை விதி எழுதியவர்கள் யோசிக்கவில்லை.

நிதியில் அவருடைய பிடி வேறு வகை. 13 பட்ஜெட் போட்டவர். கேரள பட்ஜெட்டில் ஒரு பாலத்துக்கோ சாலைக்கோ 100 ரூபாய் அடையாள ஒதுக்கீடு வைத்துவிட்டால், அந்த வேலை அரசின் பட்டியலுக்குள் வந்துவிடும். பிறகு நிர்வாக அனுமதி, நிதி என்று ஒவ்வொன்றாகத் தள்ளலாம். வெளியிலிருந்து மனு கொடுப்பவருக்கும் உள்ளே உட்கார்ந்து கணக்குத் தலைப்பைத் திறப்பவருக்கும் இருக்கும் தூரம் அதுதான். இந்த முறையின் கேடும் தெரிந்ததே: பணமில்லாத பெயர்கள் ஆண்டுக்காண்டு சேரும், ஊர்க்காரர்கள் பெயர்ப்பலகை பார்த்துக் காத்திருப்பார்கள்.

2012-இல் தொடங்கிய காருண்யா நிதி நல்ல வேலை. தனியாக ஒரு லாட்டரி, அதன் லாபம் புற்றுநோய், இதயம், சிறுநீரக நோயாளிகளுக்கு. ஒருவருக்கு 2 லட்சம் வரை, சிறுநீரகத்துக்கு 3 லட்சம் வரை. தமிழ்நாடு 2003-லேயே லாட்டரியைத் தடை செய்த மாநிலம். நமக்கு இந்த வழி ஒவ்வாமல் இருக்கலாம். எனக்கும் அதில் முழு நிம்மதி இல்லை. ஆனால் பொதுக் கருவூலத்தில் கரைந்துபோகாமல் பணம் நேராக மருத்துவமனைக் கணக்குக்குப் போகும்படி கட்டியது கவனித்துச் செய்த காரியம்.

ரப்பர் உங்கள் தொழில் என்பதால் 2015 பட்ஜெட்டின் விலை ஆதரவுத் திட்டத்தைக் கொஞ்சம் விரித்துச் சொல்கிறேன். 2011-இல் கிலோ 240 ரூபாயைத் தொட்ட ஷீட் பாதி விலைக்கு இறங்கியிருந்த நேரம். 300 கோடி ஒதுக்கி, கிலோவுக்கு 150 ரூபாய் உறுதி என்றார். அரசு ரப்பரை வாங்கிக் கிடங்கில் அடுக்கவில்லை. விவசாயி ரப்பர் உற்பத்தியாளர் சங்கத்தில் பதிந்துகொள்ள வேண்டும். உரிமம் பெற்ற வியாபாரியிடம் விற்றுப் பில் வாங்க வேண்டும். சங்கம் அதை இணையத்தில் ஏற்றும். ரப்பர் வாரிய அலுவலர் சரிபார்ப்பார். அன்றைய வாரிய விலைக்கும் அப்போதைய உறுதி விலையான 150-க்கும் உள்ள வித்தியாசம் வங்கிக் கணக்கில் விழும். வாரிய விலை 120 என்றால் கிலோவுக்கு 30 ரூபாய். 5 ஹெக்டேர் வரை உள்ளவர்கள் சேரலாம், 2 ஹெக்டேருக்குத்தான் தொகை.

இதில் எங்கே சறுக்கும் என்று உங்களுக்கே தெரியும். வியாபாரி தரம் குறைவென்று 110-க்கு எடுத்தாலும் கணக்கு வாரியத்தின் 120-இல்தான். விவசாயி கையில் 140 நிற்கும். நிலக்காரர் பெயருக்கே பணம் போவதால் வெட்டுத் தொழிலாளிக்கு அதில் பங்கில்லை. கருவூலம் இறுகும்போது நிலுவை நீளும். ஆனாலும் வாங்கி அடுக்கும் கொள்முதலைவிட இது சிக்கனம், கசிவும் குறைவு. எல்லையான களியக்காவிளைக்கு இந்தப் பக்கம் அதே மரம், அதே ஷீட், அதே உலகச் சந்தை விலை. அந்தத் தொகை மட்டும் கிடையாது. கன்னியாகுமரி மாவட்ட ரப்பருக்காகச் சென்னையில் நிதி இலாகாவைக் கேட்டுப் பெறும் அளவுக்குக் கணக்குத் தெரிந்த ஒருவர் உங்களுக்கு வாய்க்கவில்லை. அவரிடம் கற்றுக்கொள்ள என்ன இருக்கிறது என்ற கேள்விக்கு என் பதில் இதில் இருக்கிறது.

கட்சி உடைத்தது பற்றி நீங்கள் சொன்னது உண்மை. 'வளரும்தோறும் பிளக்கும், பிளக்கும்தோறும் வளரும்' என்று தன் கட்சியைப் பற்றி அவரே சொன்னார். ஆனால் குணத்தோடு சட்டமும் சேர்ந்துதான் இதைச் செய்தது. 1985 வரை கட்சித் தாவலுக்குத் தடையே இல்லை. 1979-இல் தலைமைச் சண்டையில் மாணியும் பி.ஜே. ஜோசப்பும் பிரிந்தது அந்தக் காலம். 1985-இன் தடைச் சட்டம் மூன்றில் ஒரு பங்கு உறுப்பினர் பிரிந்தால் பதவி போகாது என்றது. பெரிய கட்சியில் அதற்கு இருபது, முப்பது பேர் வேண்டும். எட்டுப் பேர் கட்சியில் மூன்று பேர் போதும். 1993-இல் டி.எம். ஜேக்கப் பிரிந்தது இந்தக் கதவு திறந்திருந்தபோது. 2003-இல் அரசியல் சட்டத் திருத்தம் அதை மூடியது. இந்தப் பிளவுகளுக்கு அவர் கொடுத்த விலை முதல்வர் நாற்காலி. 1979 டிசம்பரில் சி.எச். முகமது கோயா அரசு கவிழ்ந்தபோது அது கைக்கெட்டும் தூரத்தில் இருந்தது. ஆளுநர் தமிழ்நாட்டு ஜோதி வெங்கடாசலம். மாற்று அரசுக்கு அழைப்பு வரவில்லை, பேரவை கலைந்தது. ஒன்றாக நின்ற கேரள காங்கிரஸ் அவர் பின்னால் பிறகு எப்போதும் அந்த அளவில் இருக்கவில்லை.

பார் விவகாரத்தில் நான் அவர் பக்கம் நிற்க மாட்டேன். மூடிய 418 பார்களைத் திறக்க 1 கோடி வாங்கினார் என்று 2014 அக்டோபரில் ஒரு பார் உரிமையாளர் குற்றம் சாட்டினார். மாணி மறுத்தார், ஆதாரமில்லை என்று ஊழல் தடுப்புப் பிரிவு பின்னர் அறிக்கை தந்தது, குற்றம் நிரூபணமாகவில்லை. என் குறை அதுவல்ல. டிசம்பரில் வழக்குப் பதிவான பிறகும் நிதி, சட்டம் இரண்டையும் பதினோரு மாதம் கையில் வைத்திருந்தார். 1977-இல் அவரே வேறு வழி காட்டியவர்: உயர் நீதிமன்றம் அவர் தேர்தலை ரத்து செய்ததும் உள்துறையை விட்டு இறங்கினார், ஜோசப் அங்கே உட்கார்ந்தார், உச்ச நீதிமன்றத்தில் ஜெயித்த பிறகு 1978 செப்டம்பரில் திரும்பினார். அந்த மரியாதையை 82 வயதில் அவர் இழந்திருக்க வேண்டியதில்லை. 2015 மார்ச் 13 அன்று எதிர்க்கட்சியினர் சபாநாயகர் மேடையை உடைக்க, காவலர் வளையத்துக்குள் நின்று சில வரிகள் படித்துப் பட்ஜெட்டை முடித்தார். மாநில நிதியமைச்சர்களின் ஜி.எஸ்.டி. குழுவுக்குத் தலைவரானதும் அதே மாதம். நவம்பர் 10 அன்று, உயர் நீதிமன்றம் கடுமையாகப் பேசிய மறுநாள், ராஜினாமா செய்தார்; எல்லாம் போயிற்று.

வாரிசு விஷயத்தில் இன்னும் மோசமாக விட்டுப்போனார். தலைவர் யார் என்று எழுத்தில் தீராததால், 2019 இடைத்தேர்தலில் சின்னத்துக்கான ஏ, பி படிவங்களில் கையெழுத்திட வேண்டிய செயல் தலைவர், பின்னர் கட்சிக்குத் திரும்பியிருந்த அதே பி.ஜே. ஜோசப், மறுத்துவிட்டார். நம் அ.தி.மு.க.வைப் போலவே அவர்களுக்கும் இரட்டை இலைதான் சின்னம். வேட்பாளர் ஜோஸ் டோமுக்குக் கிடைத்ததோ அன்னாசிப்பழம். 2020 அக்டோபரில் மகன் ஜோஸ் கே. மாணி கட்சியை இடதுசாரி அணிக்கு, அதாவது தந்தையின் பட்ஜெட்டை மறித்தவர்களிடமே, கொண்டுபோனார். 2021-இல் பாலாவில் அவரே நின்றார். இம்முறை காங்கிரஸ் அணி வேட்பாளராக இருந்த காப்பனிடம் 15,378 ஓட்டில் தோற்றார்.