வாசகர் கேள்விகள்: கால்பந்து வீரர் வால்டர் டல்

கேள்வி: முதல் உலகப் போரில் கறுப்பினத்தவர் பிரிட்டிஷ் ராணுவத்தில் அதிகாரியாக முடியாது என்கிறார்களே, வால்டர் டல் மட்டும் எப்படி ஆனார்?
(மதுரை வாசகர்)

பதில்: அதிகாரியாக விரும்புபவர் 'தூய ஐரோப்பிய வம்சாவளியினராக' இருக்க வேண்டும் என்பதுதான் விதி. டல்லின் தந்தையோ பார்படாஸிலிருந்து வந்த தச்சர். தாய் கென்ட் மாவட்டத்து வெள்ளைக்காரப் பெண்மணி. விதியை யாரும் நீக்கவில்லை, கண்டும் காணாமல் விட்டார்கள். காரணம் ஆள் பஞ்சம். 1916இல் பிரான்சில் நடந்த சோம் போரில் இளம் அதிகாரிகள் கொத்துக் கொத்தாக மடிந்தனர். சிப்பாயாகப் போர்முனை கண்டவரைப் படைத் தலைவர் பரிந்துரைத்தால், நான்கு மாதத்துக்கு மேல் நீளும் பயிற்சி தந்து அதிகாரியாக்கும் வழி அந்த ஆண்டே திறந்திருந்தது. 1914 டிசம்பரில் கால்பந்து வீரர்களுக்கான மிடில்செக்ஸ் படையணியில் சேர்ந்து சார்ஜென்ட்டாக உயர்ந்திருந்த டல், ஸ்காட்லாந்தின் கெய்ல்ஸில் பயிற்சி பெற்று, 1917 மே 30இல் இரண்டாம் லெப்டினன்ட் ஆனார். முதல் கறுப்பின அதிகாரி அவரே என்று எழுதுவது சரியல்ல. ஜமைக்காவில் பிறந்த ஜார்ஜ் பெமண்ட் 1915லேயே பீரங்கிப் படையில் அதிகாரியாகிவிட்டார்.

கேள்வி: லண்டன் கால்பந்துக் கிளப்பான டாட்டன்ஹாம் டல்லை ஏன் கழற்றிவிட்டது?
(கோவை வாசகர்)

பதில்: 1909 அக்டோபரில் பிரிஸ்டலில் நடந்த ஆட்டத்தில், பார்வையாளர்களில் ஒரு கூட்டம் நிறத்தைச் சொல்லிக் கேவலமாக ஏசியது. அன்று களத்தில் இருந்த முன்கள ஆட்டக்காரர்களில் திறமையில் சிறந்தவர் டல்தான் என்று பத்திரிகை நிருபர் எழுதினார். ஆனாலும் கொஞ்ச நாளில் ரிசர்வ் அணிக்கு இறக்கப்பட்டார். டாட்டன்ஹாமுக்கு மொத்தமே 10 லீக் ஆட்டங்கள், 2 கோல்கள். 1911இல் நார்தாம்ப்டன் கிளப்பின் மேலாளர் ஹெர்பர்ட் சாப்மன் அவரைத் தன் அணிக்கு அழைத்துக்கொண்டார். அங்கே 100 ஆட்டங்களுக்கு மேல் ஆடினார். நஷ்டம் டாட்டன்ஹாமுக்குத்தான்.

கேள்வி: போர் வீரத்துக்கான மிலிட்டரி கிராஸ் விருது டல்லுக்கு ஏன் கிடைக்கவில்லை?
(திருச்சி வாசகர்)

பதில்: 1918 ஜனவரி 1-2 இரவு, இத்தாலியின் பியாவே ஆற்றைக் கடந்து நடந்த திடீர்த் தாக்குதலில், பிரதான குழுவுக்குக் காவலாகச் சென்ற 26 பேரை வழிநடத்தினார் டல். எதிரி சரமாரியாகச் சுட்டும் ஒருவருக்கும் காயமில்லாமல் திரும்பக் கூட்டிவந்தார். மேஜர் ஜெனரல் சிட்னி லாஃபர்ட் அவரது துணிவையும் நிதானத்தையும் எழுத்திலேயே பாராட்டினார். மார்ச் 25இல் பிரான்சில் ஃபாவ்ரியில் என்ற ஊருக்கு அருகே டல் சுடப்பட்டு இறந்தார், உடல் கிடைக்கவில்லை. விருதுக்குப் பரிந்துரைத்திருந்தார்கள் என்று சக அதிகாரி ஒருவர் டல்லின் அண்ணனுக்குக் கடிதம் எழுதினார். அந்தப் பரிந்துரை அரசுக் கோப்புகளில் அகப்படவில்லை. இறந்தவருக்கு மிலிட்டரி கிராஸ் தரும் வழக்கமும் 1979 வரை கிடையாது. நிறத்துக்காகவே அமுக்கினார்கள் என்ற வாதம் பாதிதான் நிற்கிறது. ஜெனரலே வெளிப்படையாகப் பாராட்டியவரை எதற்கு மறைக்க வேண்டும்?