சீனப் பேரரசியரைப் படிக்க விரும்பும் மகள்: ஒரு தந்தைக்குப் பதில்

அன்புள்ள ஐயா,

தங்கள் கடிதம் கிடைத்தது. பன்னிரண்டாம் வகுப்பில் வணிகவியல் எடுத்து நல்ல மதிப்பெண் பெற்ற மகள், பி.காம். விண்ணப்பத்தைத் தொடாமல், சீன அரண்மனைப் பேரரசியரைப் பற்றித்தான் படிக்கப் போகிறேன் என்று சொன்ன நாளிலிருந்து வீட்டில் சரியான பேச்சுவார்த்தை இல்லை என்று எழுதியிருந்தீர்கள். விடுமுறை முழுவதும் சீனத் தொடர்களைப் பார்த்ததன் விளைவு இது என்பது தங்கள் கணிப்பு. பாதி சரி. ஆர்வம் தொடரில்தான் தொடங்கியிருக்கிறது. ஆனால் சென்ற சனிக்கிழமை அவர் என் எதிரே ஒன்றரை மணி நேரம் உட்கார்ந்திருந்தபோது நான் கண்டதை முதலில் சொல்லிவிட்டு, படிப்பு, செலவு, வேலை ஆகியவற்றுக்கு வருகிறேன்.

அரச வரலாற்றில் ஆர்வம் என்று வரும் பிள்ளைகளிடம், உனக்குப் பிடித்த அரசி யார் என்று நான் கேட்பதில்லை. அந்த அரசி சொன்னதை மற்றவர்கள் ஏன் கேட்டார்கள் என்று கேட்பேன். அழகு, சூழ்ச்சி, விஷம் என்று பெரும்பாலோர் மூன்று சொற்களில் முடித்துவிடுவார்கள். தங்கள் மகள் என் மேசையிலிருந்த ஒரு விண்ணப்பப் படிவத்தைத் திருப்பி, பின்பக்கத்தில் நீளமாக ஒரு கட்டம் வரைந்து, அதன் தொடக்கத்தில் ஒரு முத்திரையும் முடிவில் ஒரு முத்திரையும் போட்டார். 1861-இல் சிங் மரபின் பேரரசர் சியான்ஃபெங் தலைநகருக்கு வெளியே இறந்தபோது, ஐந்து வயது மகனுக்குத் துணையாக எட்டு அமைச்சர்களை நியமித்துவிட்டுப் போனார் என்றும், ஆனால் ஓர் ஆணை செல்லுபடியாக வேண்டுமானால் பட்டத்தரசி சி-ஆனிடம் இருந்த முத்திரை தொடக்கத்திலும், சிறுவன் பெயரால் அவன் தாய் சிஷி வைத்திருந்த முத்திரை முடிவிலும் விழ வேண்டும் என்றும் விளக்கினார். எட்டு ஆண்கள் எழுதலாம்; இரண்டு விதவைகள் முத்திரை வைக்காவிட்டால் அது வெறும் காகிதம். அதே ஆண்டு நவம்பரில், இறந்த பேரரசரின் தம்பியான இளவரசர் குங்கின் துணையோடு அந்த எட்டுப் பேரும் அகற்றப்பட்டு, இரு பெண்களும் திரைக்குப் பின்னால் அமர்ந்து ஆட்சி நடத்தத் தொடங்கினார்கள்.

சிஷிக்கு அப்போது வயது 25. கணவர் உயிரோடு இருந்தவரை அவர் பட்டத்தரசியே அல்லர், அந்தப்புரத்துத் துணைவியருள் ஒருவர்தான். மகன் அரியணை ஏறியதால் மட்டுமே தாய்ப்பேரரசி ஆனார். தங்கள் மகள் இந்த இடத்தில் நிறுத்தி, "அதிகாரம் கணவர் வழியாக வரவில்லை சார், விதவையான பிறகுதான் வந்தது" என்றார். பதினேழு வயதில் இதைத் தாமாகக் கவனித்திருப்பவரின் ஆர்வத்தைத் தொடர் மோகம் என்று தள்ளிவிட எனக்கு மனம் வரவில்லை.

ஐயா, அந்தக் கவனிப்புதான் இந்தத் துறையின் மையம். சீன அரச மரபில் தாய்க்குப் பணிவது மகனின் தலையாய அறம்; மகன் பேரரசனே ஆனாலும் அது மாறாது. ஆகவே சிறுவன் அரியணையில் இருந்தால், அவனுக்காக ஆணையிடும் உரிமை தாய்ப்பேரரசிக்கு இயல்பாகவே வந்து சேரும். கி.மு. 195-இல் ஹான் மரபின் முதல் பேரரசர் இறந்தபின் அவர் மனைவி லூ, தம் மரணம் வரை 15 ஆண்டுகள் ஆட்சியைத் தம் கையில் வைத்திருந்தார். வரலாற்றாசிரியர் சிமா சியான், பேரரசர்களுக்கு உரிய வரிசையிலேயே அவருக்கும் ஓர் அத்தியாயம் ஒதுக்கினார். அதே மரபில் பின்னர் தெங் சூய், கி.பி. 106 முதல் 121 வரை இரண்டு பேரரசர்களுக்காக ஆட்சி நடத்தினார். அவருக்குக் கல்வி கற்பித்தவர் வரலாற்றாசிரியரான பான் சாவ் என்ற பெண். இந்தப் பட்டியல் நீளமானது. அதைத் தங்கள் மகளே தேடிக்கொள்வார்.

விதிவிலக்காக நிற்பவர் வூ சேதியான். தாங் மரபின் பேரரசர் தாய்சோங்கின் அந்தப்புரத்தில் பதினான்கு வயதில் ஒரு கீழ்நிலைத் துணைவியாக நுழைந்து, அவர் 649-இல் இறந்ததும் புத்த மடத்துக்கு அனுப்பப்பட்டு, அடுத்த பேரரசர் காவ்சோங்கால் மீண்டும் அரண்மனைக்கு அழைக்கப்பட்டு, 655-இல் பட்டத்தரசியாகி, கணவர் இறந்தபின் 690-இல் தம்மையே பேரரசராக அறிவித்துக்கொண்டவர். சீன வரலாற்றில் தம் பெயரிலேயே பேரரசராக ஆண்ட ஒரே பெண் அவர்தான். மக்கள் மனு போடச் செம்புப் பெட்டிகள் வைத்தது, தம் பெயருக்கென ஒரு புதிய எழுத்தையே வழக்கில் கொண்டுவந்தது, லோங்மென் குகையில் மாபெரும் புத்தர் சிலைக்குத் தம் ஒப்பனைச் செலவுப் பணத்திலிருந்து 20,000 சரம் காசு கொடுத்தது என்று அவரைப் பற்றிச் சொல்ல நிறைய உண்டு. கணவரோடு அவர் அடக்கமான கல்லறையில் எழுத்தே இல்லாத ஒரு பெரிய கல் நிற்கிறது. அதற்கு விளக்கம் சொல்ல முயன்றவர்கள் ஏராளம்.

ஆனால் அவரைப் பற்றி நமக்குக் கிடைக்கும் செய்தியை எழுதியவர்கள் யார்? அவரை வெறுத்த அதிகாரிகளின் வழிவந்தவர்கள். அவருடைய பச்சிளம் பெண் குழந்தை திடீரென இறந்தது என்று மட்டும் ஒரு பழைய ஆவணத் தொகுப்பு சொல்கிறது. 11-ஆம் நூற்றாண்டில் எழுதப்பட்ட வரலாறோ, போட்டியாளரான பட்டத்தரசியின் மேல் பழிபோட அவரே கொன்றார் என்று காட்சி காட்சியாக விவரிக்கிறது. தொடர்கள் எடுத்துக்கொள்வது இரண்டாவதை. ஆய்வாளர் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்க வேண்டும். வூவின் ஆணைகளை எழுதிய செயலர் ஷாங்குவான் வான்-அர் விஷயத்திலும் இதே கதைதான்: நூற்றாண்டுகளாகச் சூழ்ச்சிக்காரி என்று பெயர் வாங்கியவரின் கல்லறை 2013-இல் சியான்யாங் அருகே கண்டெடுக்கப்பட்டபோது, உள்ளே இருந்த கல்வெட்டு அவரைத் தவற்றை எதிர்த்துத் துணிந்து பேசியவராகக் காட்டியது. கல்லறைக் கல்வெட்டும் புகழ்ச்சிக்கு எழுதப்படுவதுதான் என்பதை மறக்கக் கூடாது என்று நான் சொன்னேன். தங்கள் மகள் அதைக் குறித்துக்கொண்டார். சிஷியைப் பற்றி மேலைநாட்டார் நெடுங்காலம் நம்பியிருந்த, ஜிங்ஷான் என்ற சிங் அதிகாரி எழுதியதாகச் சொல்லப்பட்ட நாட்குறிப்பு ஒரு போலி என்பதும் அவருக்குத் தெரிந்திருந்தது.

இனித் தங்கள் கவலைக்கு வருகிறேன். "ராணிக் கதை படித்து என்ன வேலை கிடைக்கும்" என்று கேட்டிருக்கிறீர்கள். ராணிக் கதைக்கு வேலை இல்லை, ஐயா. சீன மொழிக்கு இருக்கிறது. ஆகவே படிப்பை மொழியிலிருந்து தொடங்க வேண்டும், அரசியரிடமிருந்து அல்ல. டெல்லி ஜவஹர்லால் நேரு பல்கலைக்கழகத்தில் சீன மொழியில் பி.ஏ. ஆனர்ஸ் இருக்கிறது, மொழி அறியாதவர்களை அரிச்சுவடியிலிருந்தே தொடங்கவைக்கிறார்கள், சேர்க்கை மத்தியப் பல்கலைக்கழகப் பொது நுழைவுத் தேர்வான க்யூட் வழியாக. சாந்திநிகேதனில் விசுவபாரதியின் சீன பவனம் 1937-இல் தொடங்கப்பட்டது. அங்கேயும் இளங்கலை, முதுகலை உண்டு. இரண்டும் அரசு நிறுவனங்கள் என்பதால், தாங்கள் பி.காம்.மிற்கு நினைத்திருக்கும் தனியார் கல்லூரியைவிடக் கட்டணம் குறைவாகவே இருக்கும். விடுதியும் ரயில் செலவும்தான் பெரிதாகத் தெரியும். தூரத்துக்கு அனுப்ப மனம் ஒப்பவில்லை என்றால், இங்கேயே பி.ஏ. வரலாறு சேர்த்து, மாலையில் மொழி வகுப்புக்கு அனுப்பி, முதுகலைக்கு டெல்லிப் பல்கலைக்கழகத்தின் கிழக்காசியவியல் துறைக்கு முயலலாம். இந்த இரண்டாவது வழி வீட்டுக்குச் சுலபம், பிள்ளைக்குக் கடினம்.

ஏன் கடினம் என்றால், சீன எழுத்து நாள்தோறும் கையால் எழுதிப் பழகினால் தவிர நிற்காது. சீன மொழித் திறனுக்கான எச்.எஸ்.கே. தேர்வின் பழைய ஆறு நிலை அமைப்பில் நான்காம் நிலைக்கு 1,200 சொற்கள், ஆறாம் நிலைக்கு 5,000 சொற்கள் என்று இருந்தது. இவ்வளவும் இன்றைய மொழிக்கு மட்டும். பேரரசியரைப் பற்றிய பழைய நூல்கள் செம்மொழிச் சீனத்தில், எளிமைப்படுத்தப்படாத பழைய எழுத்து வடிவில் இருக்கின்றன. நாளிதழ்த் தமிழ் தெரிந்தவர் சங்கப் பாட்டைக் கையில் எடுத்தால் எப்படித் திணறுவாரோ, அப்படி இருக்கும். சிங் கால ஆவணங்களுக்கு, அந்த அரச மரபினரின் சொந்த மொழியான மஞ்சுவும் வேண்டியிருக்கும். சில ஆண்டுகளுக்கு முன் ஒரு மாணவரை இதே வழியில் அனுப்பியபோது, இந்த அன்றாட உழைப்பை நான் விளக்கிச் சொல்லவில்லை. இரண்டாம் ஆண்டில் அவர் திரும்பி வந்துவிட்டார். தவறு என்னுடையது. அதனால்தான் தங்கள் மகளிடம் அன்றே ஒரு கோடு போட்ட நோட்டைக் கொடுத்து, மூன்று மாதம் தினம் பத்து எழுத்து எழுதச் சொல்லியிருக்கிறேன்.

மொழி கைவந்தால் சம்பாத்தியத்துக்கு வழி உண்டு. ஸ்ரீபெரும்புதூர், செய்யாறு வட்டாரங்களில் தைவான் நிறுவனங்களின் மின்னணு, காலணி ஆலைகள் இயங்குகின்றன. அங்கே மொழிபெயர்ப்பாளருக்கும் இருமொழி அலுவலருக்கும் தேவை இருக்கிறது. வணிகவியல் படித்தவருக்குச் சீன மொழியும் தெரிந்தால் கொள்முதல் பிரிவிலும் இடமுண்டு. அவர் வாங்கிய மதிப்பெண் வீணாகாது. கல்லூரி ஆசிரியர் தகுதிக்கான யு.ஜி.சி. நெட் தேர்வில் சீன மொழி தனிப் பாடமாக இருக்கிறது. அதில் இளநிலை ஆய்வாளர் உதவித்தொகைக்குத் தகுதி பெற்றால் முனைவர் பட்டக் காலத்துக்கு மாத வருமானம் வரும். தைவான் கல்வி அமைச்சகத்தின் ஹுவாயூ உதவித்தொகையில் அங்கே சென்று மொழி படிக்கலாம். சிங் அரசவை ஆவணங்களின் பெரும் தொகுப்பு ஒன்று தாய்பேயின் தேசிய அரண்மனை அருங்காட்சியகத்தில் இருப்பதால், இந்த ஆர்வத்துக்கு அது இரட்டை லாபம். பேராசிரியர் பணியிடங்கள் குறைவு என்பதை ஒளிக்காமல் சொல்கிறேன். முனைவர் பட்டம் முடிய அவருக்கு வயது இருபத்தெட்டு, இருபத்தொன்பது ஆகிவிடும். கல்யாணப் பேச்சை அதற்கேற்பத் தள்ளிவைக்க முடியுமா என்பதை நானல்ல, தாங்கள்தான் வீட்டில் பேச வேண்டும்.

தமிழ்ப் பிள்ளைக்கு இதில் ஒரு தனி வாய்ப்பும் இருக்கிறது. 1015-இல் சோழர் தூதுக்குழு முத்துகளோடு, சீனாவை அப்போது ஆண்ட சோங் மரபின் அரசவைக்குச் சென்றதைச் சீன வரலாறு பதிந்துள்ளது. அப்போது பட்டத்தரசியாக இருந்தவர் லியூ. சிறுமியாக இருந்தபோதே பெற்றோரை இழந்து, பறை கொட்டிப் பிழைத்து, ஒரு வெள்ளிக் கொல்லரோடு தலைநகர் வந்து சேர்ந்து, 1012-இல் பட்டத்தரசியாகி, 1022 முதல் 1033 வரை சிறுவனான பேரரசர் ரென்சோங்குக்காக நாட்டை நடத்தியவர். வூ சேதியான் அரசாள்வதைப் போன்ற ஓவியத்தை ஓர் அதிகாரி அவருக்குக் காணிக்கையாகத் தந்தபோது, முன்னோருக்குத் துரோகம் செய்யமாட்டேன் என்று சொல்லி அதைத் தரையில் வீசினாராம். சோழர் கல்வெட்டையும் சோங் வரலாற்றையும் அந்தந்த மொழியிலேயே படிக்கத் தெரிந்தவர்கள் மிக அரிது. அந்த இடைவெளியில் ஒருவர் நுழைந்தால், தமிழ்நாட்டுப் பல்கலைக்கழகங்களுக்கும் அவர் வேண்டியவர் ஆவார்.

இப்போதைக்குத் தாங்கள் செய்ய வேண்டியது: பி.காம். விண்ணப்பத்தையும் போட்டுவையுங்கள், க்யூட் அறிவிப்பு வந்ததும், எந்தெந்தத் தாள் எழுத வேண்டும் என்பதைப் பல்கலைக்கழக இணையதளத்தில் அவரையே பார்த்துச் சொல்லச் சொல்லுங்கள். மூன்று மாதத்தில் அந்த நோட்டு நிரம்பாவிட்டால் நானே பி.காம்.முக்குப் பரிந்துரைக்கிறேன், அவரிடமும் அப்படித்தான் பேசியிருக்கிறேன். பேரரசி லியூவைப் பற்றி இரண்டு பக்கம் தமிழில் எழுதித் தருவதாகச் சொல்லியிருக்கிறார். அதை என்னிடம் அனுப்பும் முன் ஒருமுறை தாங்கள் வாங்கிப் படியுங்கள்.

அன்புடன்,
தங்கள் கல்வி ஆலோசகர்