மணியார்டரும் அடையாள அட்டையும்

அன்புள்ள ஐயா,

ஆப்பிரிக்க சினிமா பற்றி நீங்கள் எழுதியதைப் படித்தேன். செனகல் இயக்குநர் உஸ்மான் செம்பேன் சினிமா கற்றது மாஸ்கோவில். படமெடுக்கப் பணம் வந்தது பிரான்ஸிலிருந்து. பிறகு அதில் ஆப்பிரிக்க அடையாளம் எங்கே இருக்கிறது?

ஒரு வாசகர், ஈரோடு

அன்புள்ள நண்பருக்கு,

நீங்கள் சொல்வது எல்லாம் உண்மை. நானே இன்னொன்றையும் சேர்க்கிறேன். 1966இல் அவர் எடுத்த படத்தில், பிரான்ஸில் ஒரு வீட்டில் வேலைக்காரியாக அடைபட்டுக் கிடக்கிறாள் தியுவானா என்ற செனகல் பெண். எழுதப் படிக்கத் தெரியாதவள். அவள் மனதுக்குள் பேசிக்கொள்வதுகூட சுத்தமான பிரெஞ்சில்தான். அந்தக் குரல் என்னை இன்றும் உறுத்துகிறது.

ஆனால் செம்பேன் அங்கேயே நின்றுவிடவில்லை. பிரெஞ்சில் நாவல் எழுதிக்கொண்டிருந்தவர், தன் மக்களில் பெரும்பாலோர் அதைப் படிக்க முடியாது என்பதால்தான் நாற்பதை நெருங்கும் வயதில் சினிமா கற்கப் போனார். 1968இல் 'மண்டாபி'யை செனகல் மக்கள் பேசும் வொலோஃப் மொழியில் எடுத்தார். அதற்கும் பிரெஞ்சுப் பணம்தான். அதற்காக பிரெஞ்சு வடிவம் ஒன்றையும் எடுத்துக் கொடுத்தார்.

படம் மரத்தடியில் சவரத்தோடு தொடங்குகிறது. நாவிதரின் கத்தி மூக்குத் துவாரத்துக்குள் போய் முடியை வழிக்கிறது; கண்ணை மூடி உட்கார்ந்திருக்கிறார் இப்ராஹிமா தியேங். செனகல் தலைநகர் டக்காரில் வேலையில்லாமல் இருப்பவர், இரண்டு மனைவிகள். பாரிஸில் தெருக்கூட்டும் சகோதரி மகன் 25,000 பிராங்க் மணியார்டர் அனுப்புகிறான். தபாலாபீசில் அடையாள அட்டை கேட்கிறார்கள். அட்டை வாங்க பிறப்புச் சான்று வேண்டும். சான்று வாங்கப் போனால் பிறந்த தேதி கேட்கிறார்கள். அவருக்குத் தெரியாது. தெரு முழுக்க அவரை அறியும், கடன் கேட்டு வாசலில் வந்து நிற்கிறது. கவுண்டருக்குப் பின்னால் இருப்பவருக்கு மட்டும் அவர் யாரென்று தெரியவில்லை. கடைசியில் கோட்டு சூட்டு போட்ட, பிரெஞ்சு பேசும் ஒருவன் உதவுகிறேன் என்று சொல்லி அந்தப் பணத்தைச் சுருட்டிக்கொள்கிறான்.

காலனி ஆட்சி போன பிறகும் அதன் காகிதங்கள் போகவில்லை என்பதை இதைவிட நெருக்கமாகக் காட்டிய படத்தை நான் பார்த்ததில்லை. இதை மாஸ்கோ சொல்லிக்கொடுத்திருக்க முடியுமா? லென்ஸைப் பிடிக்கச் சொல்லிக்கொடுத்திருக்கும், அவ்வளவுதான்.

அப்புறம் அந்தத் தலைப்பு. மணியார்டருக்கு பிரெஞ்சில் 'மாந்தா'. அதோடு, ஆங்கிலத்தின் 'the' போல வரும் வொலோஃபின் 'பி' ஒட்டிக்கொண்டு 'மண்டாபி' ஆகிவிட்டது, நம் வாயில் 'மணியார்டர்' ஆனது போல. வொலோஃப் வடிவத்தையே தேடிப் பாருங்கள். பார்த்துவிட்டு எழுதுங்கள்.

அன்புடன்.