தைப்பிங்: எங்க பாட்டி அத ஏரின்னு சொன்னதே இல்ல

பினாங்குல இருந்து காலையில கெளம்பி சாயங்காலம் வீடு திரும்பற மாதிரி ஏரிக்கரையில சின்ன ஊர் ஏதாவது இருக்கா, இருந்தா அதோட கதை என்னன்னு கேட்டிருக்கீங்க. யோசிக்கவே வேணாம், தைப்பிங் போங்க. சின்ன ஊருன்னு சொன்னா அங்க உள்ளவங்க கோவிச்சுக்குவாங்க, கமுண்டிங் எல்லாம் சேத்து அது நல்லா பரந்த முனிசிபாலிட்டிதான், ஆனா ஏரியும் பழைய டவுனும் இருக்கற பகுதி இருக்கே, அத நடந்தே பாத்துரலாம். எங்க அம்மா பொறந்த ஊரு, அதனால நான் கொஞ்சம் நீளமாத்தான் எழுதுவேன், பொறுத்துக்கங்க.

அந்த ஏரி தானா உண்டானது கெடையாது. எங்க பாட்டி கடைசி வரைக்கும் அத ஏரின்னு சொன்னதே இல்ல, "ஈயக்குட்டை"ன்னுதான் சொல்லும். ஸ்கூல் லீவுக்குப் போனா மொத நாளே மிரட்டும், குட்டைப் பக்கம் போனீங்க கால ஒடிச்சிருவேன்னு. அப்ப புரியல. ஈய லம்பம், அதாவது வெள்ளீயச் சுரங்கம், தோண்டின குழிக்கு ஆத்தங்கரை மாதிரி சரிவு இருக்காது, முட்டி அளவு தண்ணிதானேன்னு எறங்குனா அடுத்த அடியிலயே ஆள் முழுகிப் போற ஆழம், பேராக் மாநிலத்துல இந்த மாதிரி குட்டைங்க எத்தன புள்ளைங்கள எடுத்திருக்குன்னு பாட்டிக்குத் தெரியும். இன்னிக்கி நாம நின்னு போட்டோ எடுக்கற தண்ணி பூரா ஒரு காலத்துல ஆளுங்க மண்வெட்டியால தோண்டுன பள்ளம்.

ஏன் அங்க ஈயம் இருந்துச்சு, ஏன் பள்ளத்துல தண்ணி வத்தல, ரெண்டுக்கும் பதில் அந்த மலைதான். கெழக்குப் பக்கம் பிந்தாங் மலைத்தொடர், அதுல மேக்ஸ்வெல் ஹில், இப்ப புக்கிட் லாரூட்னு பேரு, சுமார் 1,250 மீட்டர். மேக்க பாத்தா தட்டையான நெலம், அப்பறம் மாத்தாங் சதுப்புக் காடு, அதத் தாண்டுனா மலாக்கா நீரிணை. மலையில இருந்த ஈயத்த மழைத்தண்ணி எத்தனையோ காலமா அரிச்சு கொண்டாந்து கீழ இருக்கற தட்டை மண்ணுல படிய வெச்சிருக்கு. அதே மலைதான் கடல் பக்கத்துல இருந்து வர்ற ஈரக் காத்தத் தடுத்து மேல தூக்குது, மத்தியானம் ஆனா கொட்டுது. வருஷத்துக்கு சுமாரா 4,000 மில்லிமீட்டர் மழை, தீபகற்பத்துல ரொம்ப மழை பெய்யற ஊருன்னு பேரு. இன்னிக்கி எத்தன மணிக்கு மழை வரும்னு அந்தக் காலத்துல பந்தயம் கட்டுவாங்களாம், எங்க மாமாவே சொல்லியிருக்காரு.

இனி கதை. 1840கள்ல லோங் ஜாபார்னு ஒரு மலாய்த் தலைவரு, அவரு யானை காட்டுல காணாமப் போயி திரும்பி வந்தப்ப ஒடம்புல ஒட்டியிருந்த சேத்துல ஈயம் இருந்துச்சு, அந்த யானை பேரு லாரூட், அதனால ஜில்லாவுக்கே லாரூட்னு பேரு வந்துச்சுன்னு சொல்வாங்க. யானைக் கதைய நம்புறது நம்பாதது உங்க இஷ்டம், ஆனா அவரு ஈயம் எடுக்க ஆரம்பிச்சதும் பினாங்கு வழியா சீனக் கூலிங்க ஆயிரக்கணக்குல வந்து எறங்குனது நெசம். மொதல் போட்ட பணமும் பெரும்பாலும் நம்ம பினாங்கு வியாபாரிங்க பணந்தான். இப்ப தைப்பிங் இருக்கற எடத்துக்கு அப்ப கிலியான் பாவ்னு பேரு, கிலியான்னா லம்பம், பாவ்ங்கறது ஒரு வகை மாங்கா. அது ஹை சான்னு ஒரு சீன ரகசியச் சங்கத்து கூட்டத்து கையில இருந்துச்சு. பக்கத்துலயே கிலியான் பாரு, இப்ப கமுண்டிங், அது அவங்களுக்கு எதிரான கீ ஹின் சங்கத்து கூட்டத்து கையில.

ஈயத்த மண்ணுல இருந்து பிரிக்கணும்னா ஓடற தண்ணியில அலசணும். மலையில இருந்து வர்ற வாய்க்கால யாரு திருப்புறாங்களோ அவங்கதான் பொழைக்க முடியும். 1861ல மொத சண்டை மூண்டதே இந்த வாய்க்கால் தகராறுலதான். அவ்வளவு மழை பெய்யற ஊர்லயும் தண்ணிக்கு வெட்டிக்கிட்டுச் செத்திருக்காங்கங்கறத நெனச்சா எனக்கு இன்னமும் மனசுக்கு என்னமோ மாதிரி இருக்கும். அப்பறம் 1865ல சூதாட்டத்துல கெளம்புன தகராறு, அதுக்கப்பறம் இன்னும் ரெண்டு சண்டை, 1874 வரைக்கும் நாலு தடவ அடிச்சுக்கிட்டாங்க. 1874 ஜனவரி 20ல பங்கோர் ஒப்பந்தம், அதுலதான் வெள்ளைக்காரன் பேராக் சுல்தானுக்கு ஆலோசகர்னு ரெசிடென்ட்ட உள்ள கொண்டாந்தான். ஊருக்கு தைப்பிங்னு பேரு வெச்சதும் அதுக்கப்பறந்தான், பெரும் அமைதின்னு அர்த்தம். நீங்க ஜார்ஜ் டவுன்ல இருந்தா சர்ச் ஸ்ட்ரீட்ல பச்சைக் கலருல பெரனாக்கான் மாளிகை பாத்திருப்பீங்கல்ல, அது ஹை சான் தலைவரு சுங் கெங் குவீ கட்டுன வீடு, அதுவும் எதிராளி கீ ஹின்னோட தலைமையகம் இருந்த எடத்த வாங்கி கட்டுனது. அத ஒரு நாள் பாத்துட்டு அப்பறம் தைப்பிங் போங்க, கதை நல்லா ஒட்டும்.

ஈயம் எடுத்துத் தீந்த குழிங்கள 1880ல தோட்டமா மாத்த ஆரம்பிச்சாங்க, கர்னல் வாக்கர்னு ஒருத்தரோட யோசனை. சுமார் 64 ஹெக்டர், மலாயாவுல மொத பொதுப் பூங்கா அதுதான். அங்க மத்த எல்லாத்த விடவும் நான் போய் நிக்கறது தூங்குமூஞ்சி மரத்துக்குக் கீழதான். சடக்கு, அதான் ரோடு, இந்தப் பக்கம், ஏரி அந்தப் பக்கம், மரம் இங்க நின்னுக்கிட்டு கிளைய மட்டும் சடக்கு மேலயே நீட்டி அந்தாண்ட தண்ணிய தொட்டுட்டு நிக்கும். கிளை பூரா பெரணிச் செடி, பாசி, மழை விட்டு அரை மணி ஆனாலும் அதுல இருந்து சொட்டிக்கிட்டே இருக்கும். சாயங்காலம் ஆனா எல மூடிக்கும், மலாய்க்காரங்க இத புக்குல் லீமா மரம்னு சொல்றாங்க, அஞ்சு மணி மரம். நாம தூங்குமூஞ்சின்னு வெச்சோம். அந்தச் சடக்குல இப்ப காடி விடறதில்ல, நிம்மதியா நடக்கலாம்.

மியூசியம் 1883ல ஆரம்பிச்சது, நாட்டுலயே பழசு, மழை வந்தா அங்க ஒதுங்கிக்கலாம். 1937ல பேராக் தலைநகரத்த ஈப்போவுக்கு மாத்திட்டாங்க, ஈப்போ இருக்கற கிந்தா பக்கம் ஈயம் நெறைய, பணமும் அங்க போயிருச்சு, அதனாலதான் இங்க பழைய கட்டடங்க இவ்வளவு தப்பிச்சுதுன்னு எனக்குத் தோணும்.

ஆனா நம்மாளுங்க பாக்க வேண்டியது ரயிலு. மலாயாவோட மொத ரயில் 1885 ஜூன் 1ல தைப்பிங்குல இருந்து போர்ட் வெல்டுக்கு ஓடுச்சு, சுமார் 13 கிலோமீட்டர், ஈயத்த கப்பலுக்கு கொண்டு போறதுக்கு. பாதை போட்டது சிலோன்ல இருந்து வந்த ரெண்டு டிவிஷன் பயனியர் படை. எங்க பாட்டியோட அப்பா பின்னாடி வந்தவரு, ரயில்வேயில கேங் வேலை, தண்டவாளக் கட்டைக்குக் கீழ கல்லு தட்டி இறுக்கறது. மழை ஊர்ல மண்ணு எளகிக்கிட்டே இருக்கும், அதனால அந்த வேலை முடியவே முடியாதுன்னு பாட்டி சொல்லும். அவரோட போட்டோ ஒண்ணு கூட எங்க கிட்ட இல்ல.

போர்ட் வெல்டுக்கு இப்ப கோலா செபெத்தாங்னு பேரு. தண்டவாளம் எல்லாம் போயாச்சு, கடைங்களுக்கு நடுவுல பழைய ஸ்டேஷன் பேர்ப் பலகை மட்டும் நிக்குது, அதுல இங்கிலீஷ், ஜாவி (அரபு எழுத்துல எழுதற மலாய்), சீனத்தோட தமிழும் இருக்கு. போன தடவ என் மக, ஒண்ணாவது படிக்கறா, நான் சொல்லிக் குடுக்காமலே எழுத்துக் கூட்டி சத்தமாப் படிச்சா. நான் கொஞ்ச நேரம் அங்கயே நின்னுட்டேன்.

போற வழி சொல்லிடறேன். காடி வேணாம், பட்டர்வொர்த்துல வெள்ளனாவே ஈடிஎஸ் மின்சார ரயில் ஏறுங்க, ஒரு மணி நேரம் முன்ன பின்ன. பாரிட் புந்தார் பக்கம் வயக்காடு வரும், பாகான் செராய் தாண்டுனதும் ரயிலு நேரா தண்ணி மேலயே போகும், அது புக்கிட் மேரா ஏரி, கிரியான் வயலுக்குப் பாசனத்துக்காக 1906ல கட்டுனது, அந்தப் பாலம் 3.5 கிலோமீட்டர், அப்ப போன கீழ வெச்சுட்டு சன்னல் பக்கம் பாருங்க. தைப்பிங்குல எறங்கி பசியாறிட்டு மொதல்ல ஏரி, அப்பறம் போன்ல கிராப் டாக்சி புடிச்சு கோலா செபெத்தாங். ரெண்டையும் மத்தியானத்துக்குள்ள முடிச்சிருங்க, மூணு மணிக்கு மேல கொடையில்லாம வெளிய நிக்காதீங்க.