டால்க்ளிஷ் ஓடிப்போனாரா?

கேள்வி: அணி புள்ளிப் பட்டியலில் முதலிடத்தில் இருக்கும்போதே 1991-ல் இங்கிலாந்தின் லிவர்பூல் கால்பந்து அணியை அம்போவென்று விட்டுவிட்டு ஓடியவர் கென்னி டால்க்ளிஷ். எட்டே மாதத்தில் பிளாக்பர்ன் அணிக்குப் போய், ஒரு கோடீஸ்வரரின் பணத்தில் பட்டம் வாங்கினார். நல்ல ஆட்டக்காரர், சரி. அவரைப் போய்ப் பெரிய மேனேஜர் என்று எழுதுகிறீர்களே?
– கால்பந்துப் பிரியர், காரைக்கால்

பதில்: 'ஓடியவர்' என்று எழுதுவதற்கு முன் தேதிகளை ஒருமுறை பார்த்திருக்கலாம்.

பெல்ஜியத்தின் ஹெய்சல் மைதானத்தில், லிவர்பூல் ஆடவிருந்த இறுதியாட்டத்துக்கு முன் 39 பேர் செத்த மறுநாள், 1985 மே 30 அன்று, அந்த மனிதர் கையில் அணியைக் கொடுத்தார்கள். வயது 34. ஆடிக்கொண்டே மேனேஜர் வேலையும் பார்க்க வேண்டும். அடுத்த மே மாதம் லண்டனில் செல்சியோடு ஆட்டம். சக வீரர் பெக்லின் தூக்கிப் போட்ட பந்தை நெஞ்சில் வாங்கி, தரையைத் தொடுவதற்குள் வலது காலால் அடித்தார். 1-0. லீக் பட்டம். பட்டம் வென்றுகொடுத்த கோலை அணியின் மேனேஜரே அடித்த கதை வேறு எங்காவது இருந்தால் எழுதி அனுப்புங்கள், பிரசுரிக்கிறேன். அதே மாதம் இங்கிலாந்தின் நாக்-அவுட் போட்டியான எஃப்.ஏ. கோப்பையும் வந்தது. 1988, 1990 என்று இன்னும் இரண்டு லீக் பட்டங்கள். அவர் போனபின் லிவர்பூல் அடுத்த லீக் பட்டத்துக்கு 2020 வரை காத்திருந்தது.

நீங்கள் தாண்டிப் போன தேதி 1989 ஏப்ரல் 15. ஷெஃபீல்டின் ஹில்ஸ்பரோ மைதானம், எஃப்.ஏ. கோப்பை அரையிறுதி. ஆறே நிமிடத்தில் ஆட்டம் நின்றது. கம்பி வேலிக்குப் பின்னால் நெரிசலில் சிக்கி இறந்த லிவர்பூல் ரசிகர்கள், பிற்பாடு இறந்தவர்களையும் சேர்த்து, 97 பேர். டால்க்ளிஷின் மகனும் அன்று மைதானத்தில்தான் இருந்தான், பிழைத்தான். அப்புறம் வந்த வாரங்களில் மேனேஜர் பார்த்த வேலை பந்தாட்டம் இல்லை. உறவினர்களுக்காக லிவர்பூலின் சொந்த மைதானமான ஆன்ஃபீல்டைத் திறந்துவிட்டார், மனைவியோடு அவர்கள் பக்கத்தில் உட்கார்ந்தார். ஒரே நாளில் நான்கு இறுதிச் சடங்குகளுக்குப் போனார்.

இறந்தவர்களின் பாக்கெட்டில் ரசிகர்களே கைவைத்தார்கள் என்று 'தி சன்' என்ற பிரிட்டிஷ் பத்திரிகை முதல் பக்கத்தில் பொய் எழுதியது. ஊர் கொதித்ததும் அதன் ஆசிரியர் டால்க்ளிஷுக்கே போன் போட்டு, இதை எப்படிச் சரிசெய்யலாம் என்று கேட்டாராம். நாங்கள் பொய் சொன்னோம் என்று அதே அளவு எழுத்தில் போடுங்கள் என்றாராம் இவர். அது முடியாது என்று பதில் வர, போனை வைத்துவிட்டாராம். டால்க்ளிஷே பின்னாளில் சொன்னது இது. நானும் தலைப்பு போட்டுப் பிழைக்கிறவன்தான். இந்த இடம் வரும்போதெல்லாம் கொஞ்சம் கூசும்.

இன்னொன்று. 1971-ல் கிளாஸ்கோவின் ஐப்ராக்ஸ் மைதானப் படிக்கட்டில் 66 பேர் நசுங்கி இறந்த அன்றும், அந்த ஊர் அணியான செல்டிக்கின் இளம் வீரராக அவர் அங்கே இருந்தார். ஐப்ராக்ஸ், ஹெய்சல், ஹில்ஸ்பரோ. மூன்றையும் ஒரே ஆள் பார்த்திருக்கிறார்.

இப்போது உங்கள் 1991-க்கு வருவோம். பிப்ரவரி 20, உள்ளூர்ப் போட்டியாளரான எவர்ட்டனோடு எஃப்.ஏ. கோப்பை ஆட்டம். லிவர்பூல் நாலு தடவை முன்னுக்குப் போனது, நாலு தடவையும் எவர்ட்டன் சமன் செய்தது. 4-4. அணியில் என்ன மாற்றம் செய்ய வேண்டும் என்று அவருக்குத் தெரிந்திருந்தது, செய்ய முடியவில்லை. ஆட்ட நாள்களில் தலை வெடித்துவிடும்போல் இருந்தது என்று பிறகு சொன்னார். உடம்பெல்லாம் தடிப்பு வேறு. இரண்டு நாள் கழித்து ராஜினாமா. எட்டு மாத ஓய்வை நீங்கள் குற்றமாக எண்ணுகிறீர்கள். எனக்கு அதுவே குறைச்சலாகத் தெரிகிறது.

அடுத்து கோடீஸ்வரர் பணம். பிளாக்பர்ன் முதலாளி ஜாக் வாக்கர் பெட்டியைத் திறந்தது உண்மை. முன்வரிசை வீரர்கள் ஷியரருக்கும் சட்டனுக்கும் கொடுத்தது அன்றைய பிரிட்டன் சாதனை விலைகள். ஆனால் பட்டம் வென்ற அதே சீசனில் சட்டனுக்குக் கொடுத்ததைவிட அதிகம் கொடுத்து ஆண்டி கோல் என்ற வீரரை வாங்கியது மான்செஸ்டர் யுனைடெட். காசைப் பற்றிப் பேசினால் இரண்டு பக்கமும் பேச வேண்டும், ஐயா. டால்க்ளிஷ் போனபோது பிளாக்பர்ன் இரண்டாம் டிவிஷனில் கிடந்தது. மேலே வந்தபின் நாலாமிடம், இரண்டாமிடம், 1995-ல் பட்டம். அந்த ஊர் 81 வருஷமாகப் பார்க்காத பட்டம். கடைசி ஆட்டம் ஆன்ஃபீல்டில்தான். அதில் தோற்றும், யுனைடெட் வெஸ்ட் ஹாமிடம் டிரா செய்ததால் ஒரே புள்ளியில் ஜெயித்தார்கள். இரண்டு வெவ்வேறு அணிகளுக்கு இங்கிலாந்து லீக் பட்டம் வாங்கித் தந்த மேனேஜர்கள் மொத்தமே நாலு பேர்.

அவரைக் குறை சொல்லியே ஆக வேண்டும் என்றால் வேறு இடம் இருக்கிறது. பிறகு போன நியூகாசில் அணியில் அவர் வேலை சுமார்தான். 2011-ல் லிவர்பூலுக்குத் திரும்பியபின், மான்செஸ்டர் யுனைடெட்டின் பாட்ரிஸ் எவ்ராவிடம் நிறவெறியாகப் பேசியதற்காக லிவர்பூல் வீரர் சுவாரஸுக்குத் தடை விழுந்தபோது, அணியே சுவாரஸ் படம் போட்ட டி-ஷர்ட்டை மாட்டிக்கொண்டு களத்துக்கு வந்தது. மேனேஜர் தடுக்கவில்லை, தூக்கிப் பிடித்தார். அதைப் பற்றி எழுதி அனுப்புங்கள். ஒரு வரி மறுக்காமல் போடுகிறேன்.