மொட்டைக் கடதாசி வந்தால் பொலிஸ் விசாரிக்கத்தான் வேண்டுமா?

மரணம் ஒன்றைப் பற்றிப் பெயரில்லாமல் வந்த கடிதத்தைப் பொலிஸ் விசாரிக்க வேண்டுமா, குடும்பம் என்ன செய்யலாம் என்று கேட்டிருக்கிறீர்கள். உங்கள் வீட்டுக்குத்தான் இது வந்திருக்கும். சும்மா யாரும் இப்படிக் கேட்பதில்லை. நான் சட்டத்தரணி இல்லை, பட்டவன்.

இலங்கையின் 1979 ஆம் ஆண்டுக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவை, 109 ஆம் பிரிவு: கிடைத்த தகவலாலோ வேறு வழியாலோ குற்றம் நடந்ததாகச் சந்தேகிக்கக் காரணம் இருந்தால், பொலிஸ் நிலையப் பொறுப்பதிகாரி நீதவானுக்கோ தன் மேலதிகாரிக்கோ அறிவித்துவிட்டு இடத்துக்குப் போக வேண்டும். தகவல் தந்தவர் பெயர் போட்டிருக்க வேண்டும் என்று அதில் இல்லை. ஆனால் கடதாசி சாட்சி ஆகாது. எழுதினவரைக் கூண்டில் ஏற்றிக் குறுக்கு விசாரணை செய்ய முடியாதே.

என் பெரியப்பா கிணற்றில் விழுந்து இறந்தார். மரண விசாரணை அதிகாரி வந்தார், பிரேத பரிசோதனை நடந்தது, நீரில் மூழ்கிய மரணம் என்று முடிவு. முப்பத்தோராம் நாள் அந்தியேட்டியும் முடிந்த பிறகு பொலிசில் கூப்பிட்டார்கள். காணிக்காக மகனே தள்ளிவிட்டான் என்று யாரோ சதுர றூள் கொப்பித் தாளில் எழுதிப் போட்டிருக்கிறார்கள். 'துலாக் கயிற்றை அறுத்து வைத்தவன்' என்று விவரம் வேறு. அந்தக் கிணற்றில் தண்ணீர் இறைக்கும் துலா இருந்தது அப்பப்பா காலத்தில். இப்போது மோட்டரும் குழாயும்தான். ஒருவர் வந்து எட்டிப் பார்த்திருந்தாலே கதை முடிந்திருக்கும். அதை விட்டுவிட்டு, பெரியப்பாவின் மகனான அண்ணாவைப் பகல் முழுக்க வாங்கில் இருத்தி, "ஏன் அவசரமாக எரித்தீர்கள்?" என்று கேட்டார்கள். சந்தேகம் இருந்தால் எரிக்காமல் புதைக்கச் சொல்லித்தான் சடலத்தைத் தருவார்கள். எங்களுக்கு அப்படி ஒரு நிபந்தனையும் இல்லை. சடலத்தைத் தந்தபோதைய கட்டளையின் பிரதியை மேசையில் வைத்த பிறகுதான் குரல் இறங்கியது. அதனால் மரண விசாரணைத் தாள்களின் பிரதிகளை இப்போதே எடுத்து வையுங்கள். வாக்குமூலத்தைத் தமிழில் வாசித்துக் காட்டாமல் கையெழுத்தும் வைக்காதீர்கள்.

"அப்போ பயத்தில் பெயர் சொல்லாதவன் என்ன செய்வான்?" என்று கீழே சண்டைக்கு வருவீர்கள். நியாயம்தான். வாய் திறந்தால் ஆளே இல்லை என்றிருந்த காலத்தை நானும் இங்கே இருந்துதான் பார்த்தேன். சாட்சிகளைப் பாதுகாக்க 2023 இல் 10 ஆம் இலக்கச் சட்டம் வந்திருக்கிறது, அதையும் பாருங்கள்.

கடிதத்தில் உண்மை இருக்கிறது என்று குடும்பமே நினைத்து, பொலிஸ் அசையாவிட்டால், சட்டத்தரணி மூலம் நீதவானிடம் நகர்த்தல் பத்திரம், அதாவது எழுத்தில் ஒரு கோரிக்கை, போடலாம். புதைத்த உடலைத் தோண்டிப் பரிசோதிக்க அவர் கட்டளையிட முடியும். தேசிய பொலிஸ் ஆணைக்குழுவுக்கும் மனித உரிமைகள் ஆணைக்குழுவின் யாழ்ப்பாண அலுவலகத்துக்கும் முறையிடலாம். உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனு என்றால் ஒரு மாதத்துக்குள் போட வேண்டும், கவனம். தெரிந்தே பொய் எழுதியிருந்தால் தண்டனைச் சட்டக்கோவையின் 180 ஆம் பிரிவு இருக்கிறது, ஆனால் ஆள் பிடிபட வேண்டுமே.

எங்களுக்குப் பிடிபடவில்லை, பொலிசும் அதோடு விட்டது. சரி, எழுதினவரை விடுங்கள். கனடாவில் ஒரு மருமகன் இருக்கிறார். செத்தவீட்டுக்கு ஒரு கோல் எடுக்காத மனுஷன், கடதாசிக் கதை காதில் விழுந்ததும் காணி உறுதியைப் படம் எடுத்து வட்ஸ்அப்பில் அனுப்பச் சொன்னார். இன்னும் அனுப்பவில்லை, அனுப்பவும் மாட்டேன்.