Re: முகமூடி என் சாயலில் இல்லையே?

சுயம் பற்றிய நிகழ்த்துகலைக்காக உங்கள் முகத்தையே பிஓபி பேண்டேஜில் (எலும்பு முறிவுக்குக் கட்டும் மாவுக்கட்டுத் துணி) அச்செடுத்து அணிந்தால் யாரோ மாதிரி இருக்கிறது, புருவமும் பிய்ந்துவிட்டது என்கிறீர்கள். பேண்டேஜின் வெளிப்பக்கத்தை அப்படியே முகமூடியாக்கியதுதான் முதல் தவறு. மூன்று அடுக்குத் துணி அங்கே மூக்கையும் உதட்டையும் மழுக்கிவிடும். உங்கள் முகம் உள்பக்கத்தில்தான் இருக்கிறது.

அச்சை ஒரு நாள் முழுக்கக் காயவிடுங்கள் (பெங்களூரு மழையில் ஃபேன் அடியில் இரண்டு நாள்). உள்ளே ஷெல்லாக் (அரக்கு வார்னிஷ்) இரண்டு கோட், காய்ந்ததும் மெல்லிசாக வாஸ்லின். பிறகு கிழித்த செய்தித்தாளை மைதாப் பசையில் நனைத்து உள்ளே அழுத்துங்கள். 5 அடுக்கு போதும். காகிதம் நன்றாகக் காயும் முன் பிரித்தால் கன்னம் வளைந்துவிடும். கண் மூடிய அச்சு என்பதால் இமைக் கோட்டுக்குக் கீழே கீறித் திறந்தால் பார்வை தெரியும், முகபாவமும் கெடாது.

மறுபடி எடுப்பதானால் படுக்காமல் சாய்ந்து உட்காருங்கள். மல்லாந்தால் கன்னச் சதை காதுப் பக்கம் சரிந்து ஆளே மாறிவிடும். புருவத்தில் வாஸ்லினை முடி தெரியாத அளவு அப்புங்கள். மூக்குத் துவாரங்களைத் திறந்தே விட்டு, பக்கத்தில் ஒருவரை வைத்துக்கொள்ளுங்கள். சுமார் 15 நிமிடம் கழித்து முகத்தைச் சுளித்தால் தானே கழன்று வரும்.

இத்தனைக்குப் பிறகும் முகமூடியைக் கையில் வைத்துப் பார்க்கையில் கொஞ்சம் அந்நியமாகத் தெரிந்தால் அச்சைக் குறை சொல்லாதீர்கள். நமக்குப் பழகியது கண்ணாடியில் இடம் வலம் மாறிய முகம். உங்கள் நிகழ்வுக்கு அதுவே நல்ல சரக்கு, மறைக்க வேண்டாம்.